மூன்று அட்டைகளில் ஒரு கை

ஐம்பதுகளின் கடைசியில் நான் ஓர் ஆஸ்பத்திரியின் ரெக்கார்ட் அறையில் தற்காலிக குமாஸ்தா. டாக்டர் சீட்டில் எழுதிய நோய்க்குத் தடித்த புத்தகத்தைப் பார்த்து எண் போடுவது என் வேலை. கட்டிக்கு ஓர் எண். அது எந்த இடம் என்று அதன் கடைசி இலக்கம் சொல்லும். விரலுக்கு ஒன்று, புறங்கைக்கு ஒன்று, மணிக்கட்டுக்கு மேலே என்றால் வேறொன்று. அந்த எண்ணும் நோயாளியின் பதிவு எண்ணும் ஒரு சிறு அட்டையில் ஏறி, டிராயரில் தனக்குரிய பிரிவில் போய் உட்காரும்.

வெறுமனே 'கை' என்று எழுதும் டாக்டர்களைக் கண்டால் எனக்குப் பற்றிக்கொண்டு வரும். கையில் எங்கே ஐயா என்று சீட்டைத் திருப்பி அனுப்பிவிடுவேன். என் அட்டைகளில் யாரும் தப்பு கண்டுபிடிக்க முடியாது என்ற மிதப்பு வேறு.

அந்தக் கட்டி எனக்கே வந்தது. முதலில் வலது கை ஆள்காட்டி விரலில். கீறி, மருந்து வைத்துக் கட்டினார்கள், ஆறிவிட்டது. இரண்டு மாதத்தில் புறங்கையில் வந்தது, பிறகு மணிக்கட்டுக்கு மேலே. ஒவ்வொரு தடவையும் வேறு டாக்டர். சீட்டுகள் என் மேசைத் தட்டுக்கே வந்தன. நானே எண் போட்டு மூன்று பிரிவுகளில் செருகினேன். எப்போதும் தாகமாக இருந்தது. வெயில்தான் காரணம் என்று சிராங்கூன் ரோட்டுக் காப்பிக்கடையில் தித்திப்பான கெட்டிப்பால் காப்பியாகக் குடித்துத் தள்ளினேன்.

நான்காவது கட்டி உள்ளங்கையில் வந்தது. அதைக் கைக்குட்டையால் சுற்றி மறைத்தேன். வேலை நிரந்தரமாவதற்கான உடல் பரிசோதனை அடுத்த மாதம் இருந்தது.

மாதக் கணக்குக்காக அட்டைகளை எண்ணுபவள் எதிர்மேசைக்காரி. என் வயதுதான். எண்ணிக்கொண்டே வந்தவள் மூன்று அட்டைகளை என் முன்னால் வைத்தாள்.

"மூணுலயும் உங்க பதிவு நம்பர் இருக்கு."

"வேற வேற இடம். கோட் கரெக்டாத்தான் போட்டிருக்கேன்."

"கோட் கரெக்ட்தான் லா. மூணையும் சேர்த்து எந்த டாக்டராவது பார்த்தாரா?"

"அடுத்த மாசம் எனக்கு மெடிக்கல். தயவுசெஞ்சு சும்மா இருங்க."

அவள் சும்மா இருக்கவில்லை. அட்டைகளை எடுத்துக்கொண்டு நேராகப் பெரிய டாக்டரிடம் போய்விட்டாள். அவர் என்னைக் கூப்பிட்டு, கைக்குட்டையை அவிழ்க்கச் சொன்னார், சிறுநீரைச் சோதித்தார். சர்க்கரை ஏகத்துக்கு இருந்தது. அன்றே வார்டில் சேரச் சொன்னார். போகும் வழியில் அவளிடம், "என் சோத்துல மண்ணள்ளிப் போட்டுட்டீங்களே!" என்று கத்தினேன்.

மறுநாள் உள்ளங்கையைக் கீறிச் சீழை எடுத்தார்கள். இன்னும் இரண்டு நாள் விட்டிருந்தால் விரல்களை எடுக்க வேண்டி வந்திருக்கும் என்றார் அறுவைச் சிகிச்சை டாக்டர். அவர் போனபிறகு போர்வைக்குள் அழுதேன். தலைமைக் குமாஸ்தா வந்து பார்த்தார். சர்க்கரை கட்டுக்குள் வந்து, வேலையும் தேங்காமல் இருந்தால் ஆறு மாதம் கழித்து நிரந்தரமாக்கலாம் என்றார். வேலை தேங்காமலா? என் தட்டில் குவிந்துகொண்டிருக்கும் சீட்டுகளை நினைத்துக்கொண்டே படுத்துக் கிடந்தேன்.

இரண்டு வாரம் கழித்துக் கட்டுப் போட்ட கையோடு திரும்பினேன். தட்டில் ஒரே ஒரு சீட்டுதான் இருந்தது. மற்ற எல்லாவற்றுக்கும், தன் வேலை முடிந்தபிறகு தினமும் இருந்து, அவளே எண் போட்டு முடித்திருந்தாள். நான் திட்டிய மறுநாளே ஆரம்பித்திருக்கிறாள்.

மிச்சமிருந்தது என்னுடைய சீட்டு. பேனாவை எடுத்தேன், பிடிக்க முடியவில்லை. அவள் எழுந்து வந்து அதை வாங்கிக்கொண்டு, என் அருகில் அட்டையோடு உட்கார்ந்தாள்.

"சொல்லுங்க, எழுதுறேன்."

நீரிழிவுக்கான எண்ணைச் சொன்னேன். பாதியில் குரல் உடைந்துவிட்டது. மீதியைச் சொல்லும்வரை அவள் தலையைத் தூக்காமல் காத்திருந்தாள்.