தேங்காய் மூட்டை வராத வருஷம்

அந்த மூட்டை எங்கள் சமையலறையில், அரிசி டின்னுக்குப் பக்கத்தில், சுவரோரமாகச் சாய்ந்திருக்கும். கோணிச் சாக்கு. வாயைச் சுற்றி மஞ்சள் துணி. உள்ளே மட்டை உரித்து, குடுமி மட்டும் விட்ட தேங்காய்கள். தைப்பூசம் முடிந்ததும் பக்கத்து வீட்டுச் சீன ஆன்ட்டி அதைத் தரதரவென்று இழுத்துக்கொண்டு வந்து எங்கள் வாசலில் விட்டுவிட்டு, "ஆச்சி, இந்த வருஷமும் உனக்குத்தான் லா" என்று அக்காவிடம் சொல்வார். அவர் பேசுவது பாசார் மலாய், சந்தையில் புழங்கும் கொச்சை மலாய். எங்களுக்குள் அதுதான் பொதுமொழி. அக்கா அடுத்த ஒரு வாரம் விடாமல் தேங்காய் அரைப்பாள். பாயான் பாரு பக்கத்து எலெக்ட்ரானிக்ஸ் தொழிற்சாலைக்கு நான் எடுத்துப்போன சாப்பாட்டிலும் அந்தத் தேங்காய்தான். யாருக்காக நேர்ந்துகொண்ட தேங்காய் என்று தெரிந்தேதான் தின்றோம்.

எழுபதுகளின் நடுப்பகுதி அது. பினாங்குத் தீவின் ஜார்ஜ்டவுனில், டத்தோ கிராமட் சாலையிலிருந்து பிரியும் ஒரு சந்தில், அக்கா வீட்டில் நான் தங்கியிருந்தேன், கல்யாணமாகாத தங்கச்சி. ஆன்ட்டிக்குக் கணவர் இல்லை, ஒரே மகன். அவனை எல்லோரும் ஆ பாய் என்றுதான் கூப்பிடுவோம். ஒருநாள் அவன் காணாமல் போனான். தாய்லாந்தில், ஹட்யாயில் சாப்பாட்டுக் கடையில் வேலை என்று கேட்டவர்களுக்கெல்லாம் ஆன்ட்டி சொன்னார். கம்யூனிஸ்டுகளோடு சேர்ந்து எல்லைக் காட்டுக்குள் போய்விட்டான் என்பது சந்து முழுக்கத் தெரியும். அக்காவிடம் மட்டும் அவர் உண்மையைச் சொல்லி அழுதார். உங்கள் சாமி வேலோடு மலைமேல் இருக்கிறவர்தானே, என் மகனும் மலையில்தான் இருக்கிறான், அவர் பார்த்துக்கொள்ள மாட்டாரா என்று கேட்டார். அக்கா பெரிய பூசாரி மாதிரி வழி சொன்னாள். வெள்ளி ரதம் வரும்போது உடைக்க ஒரு மூட்டை தேங்காய் நேர்ந்துகொள்ளுங்கள். ஆனால் ரதத்தின் முன்னால் அவன் கையால்தான் உடைக்க வேண்டும், அவனுக்காக வேறு யாரும் உடைக்கக் கூடாது. எந்தச் சாஸ்திரத்தில் அப்படி இருக்கிறதோ, அக்காவுக்கே வெளிச்சம். ஆன்ட்டி அதை அப்படியே பிடித்துக்கொண்டார். வருஷா வருஷம் தன் பங்குத் தேங்காய்களைச் சாலையில் மற்றச் சீனர்களோடு சேர்ந்து உடைப்பார். மகனுடைய மூட்டை மட்டும் கட்டு அவிழாமல் நிற்கும். தண்ணீர்மலை முருகன் கோயிலை நோக்கி ரதம் போனபிறகு, அது எங்கள் வீட்டுக்கு வந்துவிடும்.

அக்காவின் கணவரை நான் மாமா என்று கூப்பிடுவேன். நல்ல மனிதர். இதை எழுதும்போதே எனக்கு எரிச்சல் வருகிறது. ஆனாலும் உண்மை அதுதான். வேலை முடிந்து களைத்து வந்தால் தன் கையால் மைலோ கலக்கித் தருவார். பினாங்குச் சீனர்களின் ஹொக்கியன் பேச்சைச் சரளமாகப் பேசுவார். மலாயில் மனு எழுதத் தெரிந்தவர் என்பதால் சந்துக்காரர்கள் எதற்கெடுத்தாலும் அவரைத்தான் தேடி வருவார்கள். அவரை ஆட்டிவைத்த ஒரே பயம் சட்டைப்பையில் இருந்த சிவப்பு அடையாள அட்டை. குடியுரிமை இல்லாதவர்களுக்குக் கொடுப்பது அது. சிவப்பு அட்டைக்காரர்கள் வேலை பெர்மிட்டைப் புதுப்பித்துக்கொண்டே இருக்க வேண்டும். புதுப்பிக்க முடியாமல் போனவர்கள் தட்டுமுட்டுச் சாமான்களோடு நாகப்பட்டினத்துக்குக் கப்பல் ஏறுவதை, துறைமுகக் கிடங்கில் வேலை பார்த்த மாமா ஒவ்வொரு கப்பலுக்கும் பார்த்துக்கொண்டிருந்தார். குடிமக்களுக்கான நீல அட்டைக்கு அவர் போட்ட விண்ணப்பம் எங்கோ தூங்கிக்கொண்டிருந்தது.

அந்தச் சமயத்தில்தான் குடியிருப்புதோறும் காவல் குழு அமைக்கச் சொல்லி உத்தரவு வந்தது. காட்டில் இருப்பவர்கள் நகரத்துக்குள் வந்து போகிறார்கள், அரிசியும் மருந்தும் வாங்கிப் போகிறார்கள், அந்தந்தத் தெருக்காரர்களே அதைக் கண்காணிக்க வேண்டும் என்றார்கள். ஆண்கள் முறை வைத்து ரோந்து போக வேண்டும். கைப்பட்டை, விசில், தடி, டார்ச் லைட். வீட்டில் வெளியாள் தங்கினால் குழுத் தலைவரிடம் சொல்லிவிட வேண்டும். எங்கள் சந்தில் தலைவராக யாரும் முன்வரவில்லை. மாமா முன்வந்தார். சிவப்பு அட்டைக்காரரா என்று முணுமுணுத்தவர்களும் முறைவேலை கிடைத்தால் தூங்கிவிடுகிற ஆட்கள்தான். சீனர்கள் அவரைக் கெத்துவா என்று கூப்பிடத் தொடங்கினார்கள். மலாயில் தலைவர் என்று அர்த்தம். அந்தச் சொல்லைக் கேட்டால் அவர் முதுகு தானாக நிமிரும். "கெத்துவா, கொழம்புல உப்பு போதுமா?" என்று அக்கா கேலி செய்வாள். அவருக்கும் சிரிப்பு வந்துவிடும். துப்பாக்கி வைத்திருந்த பட்டாளத்துக்குத் தெரியாத சங்கதியெல்லாம் அவருக்குத் தெரியும். எந்த வீட்டு வாசலில் செருப்பு கூடியிருக்கிறது, யார் வழக்கத்தைவிட அதிகமாக அரிசி வாங்குகிறார்கள், யார் வீட்டு வேண்டுதல் என்ன. அதற்காகத்தான் பட்டாளத்தை விட்டுவிட்டுத் தெருக்காரர்களைப் பிடித்தார்கள் என்பது எனக்குப் பின்னால்தான் புரிந்தது.

அந்த வருஷத் தைப்பூசத்துக்குச் சில நாட்கள் முன்னால், ஒரு ஞாயிற்றுக்கிழமை மதியம், மூன்று பேரும் சாப்பிட உட்கார்ந்தோம். அக்கா பரிமாறிக்கொண்டே சலித்துக்கொண்டாள். "இந்த வருஷம் தேங்காய பாசார்லதான் வாங்கணும் போல. மூட்டை வராதாம். ஆன்ட்டி சொல்லிட்டாங்க." ஏன் என்று நான் கேட்டேன். "தெரியல லா. சிரிச்சிக்கிட்டே சொன்னாங்க, இந்த வருஷம் உனக்குக் கெடையாதுன்னு." மாமாவின் கை சோற்றில் அப்படியே நின்றது. "தேங்காய்க்காரர்கிட்ட வாங்கலியா அவங்க?" என்று கேட்டார். "அதெல்லாம் எப்பவும் போல ரெண்டு மூட்டைக்குச் சொல்லியாச்சு" என்றாள் அக்கா. சொல்லி முடித்த பிறகுதான் அவளுக்கு உறைத்தது. இரண்டு மூட்டையும் வருகிறது, ஆனால் எங்களுக்கு ஒன்றும் மிஞ்சப்போவதில்லை. அப்படியானால் இரண்டாவது மூட்டையை உடைக்க ஆள் வருகிறான்.

மாமா பாதிச் சாப்பாட்டில் எழுந்து கை கழுவினார். அக்கா வாசலில் போய் மறித்துக்கொண்டாள். "அவங்க நம்மள நம்பி சொன்னதுங்க." அவர் அவள் முகத்தைப் பார்க்கவில்லை. "இந்த மாசத்தோட பெர்மிட் முடியுது. இதான் கடைசின்னு சொல்லிட்டாங்க. கப்பல் ஏறிப் போனா அங்க யாரு இருக்கா நமக்கு? ஒரு ஆள காட்டுனா நீல ஐசி கெடைக்கும்னு அந்த ஆபீசர் வாய்விட்டே சொல்லிட்டாரு." அக்கா நகர்ந்து வழிவிட்டாள். நான் தட்டுகளை எடுத்துக் கழுவப் போட்டேன். ஆன்ட்டி வீட்டுக் கதவு எங்கள் கதவிலிருந்து கூப்பிடு தூரம்கூட இல்லை. அக்காவும் போய்த் தட்டவில்லை, நானும் தட்டவில்லை. மாமா கப்பல் ஏறினால் எனக்கும் பினாங்கில் தங்க வீடில்லை என்பது எனக்கு நன்றாகத் தெரிந்திருந்தது.

ரதம் எங்கள் பக்கம் வந்தபோது வெயில் ஏறிவிட்டது. சாலையின் இரண்டு பக்கமும் சீனர்கள் குவித்திருந்த தேங்காய்கள். முன்னால் உடைத்தவற்றின் தண்ணீரில் தார்ச்சாலை பிசுபிசுத்தது. மாமா கைப்பட்டையோடு, கூட்டத்தை ஒழுங்குபடுத்தும் கயிற்றைப் பிடித்து நின்றார். ஆன்ட்டியின் பக்கத்தில் தொப்பியைக் கண்வரை இழுத்துவிட்ட ஒல்லியான ஒருவன். ஆ பாய்தான் என்று கண்டுபிடிக்க எனக்குக் கொஞ்ச நேரமாயிற்று. அவ்வளவு கறுத்து, கன்னம் ஒட்டிப்போயிருந்தான். ஆன்ட்டிக்கு அவசரத்தில் மஞ்சள் துணி முடிச்சு அவிழவில்லை, பல்லால் கடித்து இழுத்தார். மாமா கயிற்றை விட்டுவிட்டு அவர்களிடம் போனார். "ஆ பாய், வந்துட்டியா" என்று ஹொக்கியனில் கேட்டார். குனிந்து, மூட்டையிலிருந்து ஒரு தேங்காயை எடுத்து அவன் கையில் கொடுத்தார். ஆன்ட்டி நம்மைப் போலவே கைகூப்பி அவரைக் கும்பிட்டார்.

அவன் அதை ஓங்கி உடைத்தான். அடுத்ததற்குக் குனிந்தபோது, ரதம் பார்க்க வந்தவர்கள் போலப் பக்கத்தில் நின்ற நாலைந்து பேர் அவன் தோளைப் பிடித்தார்கள். ஆன்ட்டி கத்தியது மேளத்திலும் தேங்காய்ச் சத்தத்திலும் யாருக்கும் கேட்கவில்லை. ரதம் நிற்காமல் போய்க்கொண்டிருந்தது. வந்திருந்த போலீஸ்காரர்களுக்கு அவன் முகம் தெரியாதாம். கெத்துவா யார் கையில் தேங்காய் கொடுக்கிறாரோ அவன்தான் என்று பேசி வைத்திருந்தார்களாம். இதை மாமாவே அன்று சாயங்காலம் அக்காவிடம் சொல்லிவிட்டு, முகத்தை மூடிக்கொண்டு உட்கார்ந்திருந்தார். எனக்கு அவர்மேல் அருவருப்பாக இருந்தது. அவர் கலக்கித் தந்த மைலோவை மறுநாளும் வாங்கிக் குடித்தேன்.

நீல அட்டை வந்தது. அக்கா அதைச் சாமி படத்துக்கு முன்னால் வைக்கவில்லை, பீரோவில் போட்டுப் பூட்டினாள். ஆ பாய் விசாரணையில்லாமல் தைப்பிங்கில் தடுப்புக்காவலில் இருந்தான். ஆன்ட்டி ஒருநாள் எங்கள் வீட்டுக்கு வந்து மாமாவின் கையைப் பிடித்துக்கொண்டார். மகனைப் பார்க்க மனு எழுத வேண்டும், கூட வர வேண்டும், கெத்துவா சொன்னால்தான் கேட்பார்கள் என்று அழுதார். மாமா எழுதினார். மாதாமாதம் ஃபெர்ரியில் பட்டர்வொர்த் போய், அங்கிருந்து பஸ் பிடித்து, ஆன்ட்டியின் கஞ்சித் தூக்கைச் சுமந்துகொண்டு தைப்பிங் போய்வந்தார். தன் லீவையெல்லாம் அதற்கே செலவழித்தார். அதை அவருடைய பரிகாரம் என்று அக்கா நம்பினாள். நானும் நம்ப ஆசைப்பட்டேன்.

தேங்காய்க்காரர் விஷயம் வராமல் இருந்திருந்தால் ஒருவேளை நம்பியிருப்பேன். பாசாரில் கடை வைத்திருந்த தமிழர் அவர். தைப்பூசத் தேங்காய் சீனர்களுக்குப் போவதெல்லாம் அவர் கடையிலிருந்துதான். வருஷச் சம்பாத்தியத்தில் பாதி அந்த ஒரு வாரத்தில். மகன் வந்து உடைக்கப்போகிறான், நல்ல தேங்காயாகப் பொறுக்கிக் கொடுங்கள் என்று ஆன்ட்டி சந்தோஷத்தில் அவரிடம் வாய்விட்டிருக்கிறார். பிறகு கேட்டவர்களிடமெல்லாம், அந்தத் தேங்காய்க்காரன்தான் என் மகனைக் காட்டிக்கொடுத்தவன் என்று சொன்னார். சந்தில் ஆரம்பித்து, கொஞ்சம் கொஞ்சமாகச் சீனர்கள் அவர் கடைக்குப் போவதை நிறுத்தினார்கள். யாரோ கடைக்கு முன்னால் மீன் கழுவிய தண்ணீரை ஊற்றிவிட்டுப் போனார்கள்.

அவர் ஒருநாள் எங்கள் கேட்டுக்கு வந்தார். உள்ளே கூப்பிட்டும் வரவில்லை. "அண்ணே, யாரு சொன்னதுன்னு நான் கேக்கல. எனக்குத் தெரியவும் வேணாம். அந்த அம்மாகிட்ட, தேங்காய்க்காரன் இல்லன்னு மட்டும் நீங்க ஒரு வார்த்தை சொல்லிடுங்க. நீங்க சொன்னா சந்தே கேக்கும்." மாமா கேட்டின் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றார். "போலீஸ் சமாச்சாரம் தம்பி. நான் வாயத் தொறக்க முடியாது" என்றார். தேங்காய்க்காரர் அவரையே பார்த்தார், பிறகு ஜன்னலில் நின்ற என்னைப் பார்த்தார். அவருக்குப் புரிந்துவிட்டது என்று எனக்குத் தெரியும். அடுத்த வருஷம் அவர் கடை இருந்த இடத்தில் வேறொருவர் காய்கறி விற்றார். அக்கரையில், பிறை என்ற ஊரில் லாரிக்கு மூட்டை ஏற்றும் வேலைக்குப் போய்விட்டார் என்றார்கள். காட்டிக்கொடுத்ததற்காவது மாமாவிடம் ஒரு பயம் இருந்தது. இதற்கு என்ன இருந்தது? அன்றைக்கு அவருக்கு நீல அட்டை கையில் இருந்தது.

சில வருஷங்களில் ஆ பாய் வெளியே வந்தான். பட்டர்வொர்த் பக்கம், மாக் மண்டினில் ஒரு பட்டறையில் வேலைக்குச் சேர்ந்தான். காட்டில் இருந்தவர்களும் பிற்பாடு சமாதானமாகி ஆயுதங்களைக் கீழே வைத்துவிட்டார்கள்; எங்கள் சந்தின் காவல் கொட்டகையில் பையன்கள் கேரம் விளையாடினார்கள். தொண்ணூறுகளில் ஒரு காலையில் மாமா மாரடைப்பில் இறந்தார். ஆ பாய் செய்தி கேட்ட உடனே வந்து, பந்தல் போடுவதிலிருந்து வண்டிக்குச் சொல்வதுவரை சொந்த மகனைப் போல ஓடியாடிச் செய்தான். அம்மாவை மாதாமாதம் தன்னிடம் கூட்டிக்கொண்டு வந்தவர் என்று வந்தவர்களிடமெல்லாம் சொன்னான். ஆன்ட்டி பெட்டியின் தலைமாட்டில் அக்காவுக்குப் பக்கத்தில் உட்கார்ந்திருந்தார்.

தேங்காய்க்காரரும் வந்தார். முடியெல்லாம் நரைத்து, தோள் ஒரு பக்கம் இறங்கியிருந்தது. கூடத்தில் வந்து நின்றதும் ஆன்ட்டி முகத்தைத் திருப்பிக்கொண்டார். "இந்த ஆள ஏன் உள்ள விட்டே, ஆச்சி? என் மகன வித்தவன்." அக்கா அதுவரை அழாமல் இருந்தவள், உடைந்துபோய் மலாயில் சொன்னாள்: "அவர் இல்ல ஆன்ட்டி. எங்க வீட்டுக்காரர்தான். மூட்டை வராதுன்னு நான்தான் அவர்கிட்ட சொன்னேன்."

மற்றவர்கள் வெளியே பந்தலில் இருந்தார்கள், கூடத்தில் நாங்கள் நாலு பேர்தான். ஆன்ட்டி மடியில் கிடந்த கைக்குட்டையை நாலாக மடித்தார். "தெரியும் லா, ஆச்சி" என்றார். "தேங்காய எடுத்துக் குடுத்தப்ப தெரியல. அன்னிக்கே வீட்டுக்குப் போய் உக்காந்தப்ப தெரிஞ்சுது. ஆனா கெத்துவா மேல கோவப்பட்டா யாரு என்னைத் தைப்பிங்குக்குக் கூட்டிட்டுப் போவா? யாரு எனக்கு மனு எழுதுவா? அவர் வந்தாதான் ஜெயில் கேட்டு தொறக்கும். மகன பாக்கணும்ல. யார் மேலயாவது கோவப்பட்டுத்தானே ஆகணும். அதுக்கப்புறம் சொன்னத மாத்த முடியல." ஆ பாய்க்கு ஒன்றும் தெரியாது, தெரியவும் வேண்டாம் என்று மெதுவாகச் சேர்த்துக்கொண்டார்.

தேங்காய்க்காரர் பெட்டியைப் பார்த்தார். அக்காவைப் பார்த்தார், என்னைப் பார்த்தார், கடைசியில் ஆன்ட்டியைப் பார்த்தார். எல்லோருக்கும் புரிகிற மாதிரி மலாயில்தான் கேட்டார். குரலில் கோபம்கூட இல்லை.

"அப்போ என் கடை?"

அக்கா தரையைப் பார்த்தாள். நான் ஆன்ட்டியைப் பார்த்தேன், ஆன்ட்டி கைக்குட்டையைப் பார்த்தார். அந்த நேரம் ஆ பாய் வெளியிலிருந்து எட்டிப் பார்த்து, வண்டி வந்துவிட்டது, பெட்டியை மூடலாமா என்று கேட்டான். மூடலாம் என்று மூன்று பெண்களும் ஒன்றாகச் சொன்னோம்.