மாமியார் சொன்ன சாட்சி

குழம்பில் உப்புக் குறைந்ததற்காக என் கணவர் என் கையை முறுக்கி ஒடித்தார். நாமக்கல்லில் ஆஸ்பத்திரிக்கு அழைத்து வந்ததும் அவரேதான். "பாத்ரூம்ல வழுக்கி உழுந்துட்டாளுங்க" என்று டாக்டரிடம் சொன்னார். முன்பு தாடை வீங்கியபோதும் இதையேதான் சொன்னோம். நானும் தலையாட்டப் போனேன்.

அப்போது கூட வந்திருந்த மாமியார் வாய் திறந்தார்.

"பொய்ங்க சாமி. எம் பையந்தான் ஒடிச்சான். இவனோட அப்பன் என் கைய ஒடிச்சப்ப நானும் இதே பொய்யத்தான் சொன்னனுங்க."

கணவரின் முகம் வெளுத்தது. அத்தனை வருடமும் பயந்தவள் நான். அன்றுதான் அவர் பயந்து பார்த்தேன். அது எனக்கு இனித்தது.

"ஆமாங்க, இவர்தான். போலீஸைக் கூப்பிடுங்க" என்றேன்.

வழக்கு நடக்கையில், ஜாமீனில் வெளியே வந்த கணவர் சொந்தக்காரர்களோடு வந்து கும்பிட்டார். "கேஸை வாபஸ் வாங்கீரு அம்முணி."

"நான் கெஞ்சுனப்ப நிறுத்துனீங்களா?" என்று மட்டும் கேட்டேன்.

கோர்ட்டிலும் மாமியார் அழுதுகொண்டே அதே உண்மையைச் சொன்னார். கணவர் ஜெயிலுக்குப் போனார்.

மாமியார் இப்போது என்னோடுதான் இருக்கிறார். 'புருஷனைப் பழிவாங்கிவிட்டாளே' என்று ஊரில் பேசுகிறார்கள். ஆமாம், பழிதான் வாங்கினேன். கணவர் கூண்டில் தலைகுனிந்து நின்றதை நினைத்தால் என் நெஞ்சு இன்றைக்கும் குளிர்கிறது.