சம்பந்திகள் வழக்காடிய சங்கக் கடை

அக்கரப்பத்தனைக்குப் போகிற வழியில் ஒரு சந்தியில் அந்தக் கூட்டுறவுச் சங்கக் கடை இருந்தது. சங்கம் நொடித்துப்போய்க் கலைக்கப்பட்டது. அதன் சொத்துகளை விற்று முடிக்கும் பொறுப்பு கூட்டுறவுத் திணைக்கள அதிகாரியான என்னிடம் வந்தது. துருப்பிடித்த தராசையும் கண்ணாடி அலுமாரிகளையும் விற்பதில் சிக்கலில்லை. கட்டடத்துக்கு இரண்டு பேர் உரிமை கோரி, நுவரெலியாவில் வழக்கு நடந்துகொண்டிருந்தது.

ஒருவர், அந்தக் கடையில் பல வருடம் விற்பனையாளராக இருந்தவரின் மனைவி. பின்பக்கத்து இரண்டு அறைகளும் கணவர் சொந்தக் காசில் கட்டியவை என்றார். கணவர் இறந்த பிறகும் அந்த அம்மா அங்கேயே குடியிருந்தார். மற்றவர், சந்தியிலுள்ள கோயிலின் தலைவர். நிலம் தன் அப்பா கோயிலுக்குக் கொடுத்தது, சங்கம் இரவலாகத்தான் கடை போட்டது என்பது அவர் கட்சி.

இருவரும் சம்பந்திகள். தலைவரின் மகனும் இந்த அம்மாவின் மகளும் கொழும்பில் குடித்தனம் நடத்திக்கொண்டிருந்தார்கள்.

சண்டையை எதிர்பார்த்துத்தான் முதல் தடவை போனேன். தலைவர் அம்மாவின் அடுப்படியில் உட்கார்ந்து ரொட்டியும் கட்டச் சம்பலும் சாப்பிட்டுக்கொண்டிருந்தார்.

"அப்படிப் பாக்காதீங்க மிஸ்," என்றார் அம்மா. "கேஸு கோயில் தலைவரு மேல. ரொட்டி சம்பந்திக்கு."

மேலிடத்து உத்தரவை விளக்கினேன். "வழக்கு முடியிற வரைக்கும் காத்திருக்க முடியாதுங்க. சங்கத்துக்கு என்ன உரிமை இருக்கோ அதை மட்டுந்தான் விக்கிறோம். தீர்ப்பு எப்படி வந்தாலும் வாங்குறவரு அதுக்குக் கட்டுப்படணும்."

"அப்ப இல்லாததையும் சேத்து விக்கிறீங்க," என்றார் தலைவர்.

முழுக்கத் தப்பென்று சொல்ல முடியாததால் தேத்தண்ணியைக் குடித்துவிட்டு வந்தேன்.

ஏலத்தன்று இருவரும் கடை வாசலில் நாற்காலி போட்டுக் கொண்டார்கள். வருகிறவர்களுக்கெல்லாம் அம்மா தேத்தண்ணி கொடுத்தார், தலைவர் வழக்கை விளக்கினார். நான் வாசிக்கவிருந்த நிபந்தனைகளைத்தான் அவரும் சொன்னார், ஆகவே தடுக்கவும் முடியவில்லை. வந்தவர்கள் ஒவ்வொருவராக நழுவினார்கள். நோட்டன் பிரிட்ஜிலிருந்து வந்த ஒரு சிங்களப் பேக்கரிக்காரர் மட்டும் நின்றார். எல்லாவற்றையும் கேட்டுவிட்டு, புகைபோக்கி வைக்க முடியுமா என்று சுவரைத் தட்டிப் பார்த்தார். பிறகு அம்மாவிடம் வந்தார்.

"அம்மே, நீங்க பின்னுக்கு இருங்க. பாண் போட எனக்கு முன்னுக்கு இடம் போதும்."

"இருங்கன்னு சொல்ல நீங்க யாரு? நான் இருக்கேன்."

அவர் சிரித்துவிட்டார். சங்கத்தின் உரிமை அவர் கைக்குப் போனது. அன்றிலிருந்து சம்பந்திகள் இருவரும் அவருக்கு எதிராக ஒரே கட்சி. ஆனாலும் அவர் அடுப்பு கட்டிப் பாண் சுடத் தொடங்கியதும் முதல் ஆளாக வாங்கியவர் தலைவர்தான்.

அந்த வருடத்து மழையில், காற்று பின்பக்கத்துக் கூரையைப் பிய்த்துக்கொண்டு போனது. பேக்கரிக்காரர் எனக்குப் போன் பண்ணினார். நான் போய்ச் சேர்ந்தபோது மழை விடவில்லை. அவர் வாங்கி வந்த புதுத் தகரங்கள் நனைந்துகொண்டிருந்தன. தலைவர் ஏணியை மறித்து நின்றார்.

"இவரு கூரையப் போட்டா நாளைக்கு வீடும் என்னோடதும்பாரு. கோயில் போடும்!"

"ரெண்டு பேரும் போட வேணாம்," என்றார் அம்மா, தலையில் சாக்கைப் போட்டுக்கொண்டு. "என் புருசன் கட்டின வீடு. நானே போட்டுக்கிறேன்."

உள்ளே அவருடைய மெத்தை ஊறிக்கொண்டிருந்தது. எனக்குக் கோபம் வந்துவிட்டது.

"யாரு போட்டாலும் அத வச்சு யாரும் உரிமை கேக்கக் கூடாதுன்னு எழுதுறேன், மூணு பேரும் கையெழுத்து வைங்க. மொதல்ல வீட்ட மூடுங்க!"

பாண் மேசையில் வைத்து எழுதினேன். மூவரும் கையெழுத்திட்டார்கள். ஒரு பக்கம் பேக்கரிக்காரரின் புதுத் தகரம் ஏறியது, மறுபக்கம் கோயில் மண்டபத்தில் கிடந்த பழைய தகரம். ஆணி மட்டும் தன்னுடையதாக இருக்க வேண்டுமென்று அம்மா பிடிவாதம் பிடித்து, மழையிலேயே போய் வாங்கி வந்தார்.

வேலை முடிந்து எல்லோரும் பேக்கரி அடுப்பருகே குளிர் காய்ந்தோம். பேக்கரிக்காரர் சுடச்சுட பணிஸ் கொடுத்தார். அம்மாதான் பேச்சை எடுத்தார்.

"அண்ணே, இந்த ரெண்டு ரூமும் எனக்கப்புறம் யாருக்கு? உங்க பேரப்புள்ளைங்களுக்குத்தானே? பேரப்புள்ளைங்க சொத்துக்கா நீங்க கேஸு பேசுறீங்க?"

தலைவர் பணிஸைப் பிய்த்தார். "கோயிலுக்குத் தேர் நிறுத்த எடமில்ல, அதுக்குத்தான் கேக்குறேன்," என்றார்.

"கடையோட வந்த பக்கத்து வெறும் இடம் எடுங்க. எனக்கு வேணாம்," என்றார் பேக்கரிக்காரர்.

பின்னறைகள் அம்மாவுக்கு, பக்கத்து நிலம் கோயிலுக்கு, முன்கடை பேக்கரிக்கு. இதற்கு மேலிடத்து அனுமதி வாங்குவதற்குள் நான் படாத பாடு பட்டேன். கடைசியில் இணக்கத்தை நீதிமன்றம் பதிவு செய்தது.

வெளியே வந்ததும் அம்மா கண்ணைத் துடைத்தார். சந்தோசமா என்று கேட்டேன்.

"அது இருக்கு மிஸ். ஆனா கேஸுத் தவணை தவணைக்கு அண்ணனோட வந்து, ஏரியப் பாத்துட்டு, கடையில சாப்புட்டுப் போவேன். இனிமே நுவரெலியாவுக்கு வர எனக்கு என்ன சாக்கு?"

"சாக்கு எதுக்கும்மா? பஸ்ஸு ஓடுதில்ல," என்றார் தலைவர்.

பேக்கரிக்காரர் முன்னாலேயே ஓடிப்போய் பஸ்ஸில் ஏறி, ஜன்னலோரத்து சீட்டில் குடையைப் போட்டு அம்மாவுக்கு இடம் பிடித்திருந்தார்.