பம்புக்கு அடியில் ஒரு ராஜ்ஜியம்

என் தங்கை வாய்விட்டுச் சிரிக்காமல் போனதற்கு நான்தான் காரணம். இதில் மழுப்ப ஒன்றும் இல்லை.

எண்பதுகளின் தொடக்கத்தில் இண்டூர் பக்கம் எங்கள் தெருவுக்கு அடிபம்பு வந்தது. அதுவரை கிணற்றுத் தண்ணீர்தான், கலங்கலாக இருக்கும். பம்புத் தண்ணீர் கண்ணாடி போல இருந்தது. அப்பா நடையாய் நடந்து அதை எங்கள் வாசலுக்கு நேராகப் போட வைத்தார். மாதா கோவில் சாமியாரைக் கூப்பிட்டுத் தீர்த்தம் தெளித்தோம். அப்போது எனக்குப் பத்து வயது. தங்கைக்கு இரண்டு.

நான்கு வருடம் கழித்து அடுக்களையில் வெல்லம் காணாமல் போனது. தின்றது நான். தங்கை எடுத்தாள் என்று அம்மாவிடம் சொன்னேன். அம்மா அவளை அடித்தாள். "நான் எடுக்கல, நான் எடுக்கல" என்று அவள் அழுதுகொண்டே இருந்தாள். அந்த அழுகையை நிறுத்தத்தான் கதை கட்டினேன்.

பம்புக்கு அடியில் ஒரு ராஜ்ஜியம் இருக்கிறது. அங்கே எதற்கும் சொந்த நிறம் கிடையாது. மாட்டுக்குப் பசித்தால் அது புல் நிறமாகிவிடும். ராணி கோபப்பட்டால் தட்டிலிருக்கும் களி சிவந்துபோகும். யாராவது பொய் சொன்னால் முதலில் அவர்கள் பல் பழுப்பாகும், அப்புறம் நகம், அப்புறம் முகம். கடைசியில் ஆளே மண்ணாகிவிடுவார். அந்த ராணி குழாய் வழியாக நம்மையும் பார்த்துக்கொண்டிருக்கிறாள்.

அழுகை நின்றது. எனக்குப் பெருமையாகக்கூட இருந்தது.

அடுத்த வருடம் அவளுக்குப் பால்பற்கள் விழுந்து புதுப்பற்கள் முளைத்தன. பழுப்பாக முளைத்தன. தெருவில் அவள் வயதுப் பிள்ளைகள் எல்லோருக்கும் அப்படித்தான். அதைக் காட்டிச் சமாதானம் சொன்னால், "அவங்களும் பொய் சொல்லியிருப்பாங்க" என்பாள். செங்கல் தூளால் ஈறில் ரத்தம் வரத் தேய்த்தாள். தினமும் காலையில் கையை வெயிலில் நீட்டி நகத்தைப் பார்த்தாள். அவள் ஏன் அப்படிச் செய்கிறாள் என்று எனக்குத் தெரியும். வெல்லத் திருட்டு வெளியே வந்துவிடும் என்று வாயை மூடிக்கொண்டிருந்தேன்.

புதுநன்மைக்கு, அதாவது முதல்முறையாக நற்கருணை வாங்குவதற்கு முன்னால், அவள் முதல் பாவசங்கீர்த்தனம் செய்தாள். கோவிலை விட்டு வெளியே வந்தவளிடம் கேட்டேன்.

"என்னடி சொன்ன சாமியார்கிட்ட?"

"பொய் சொன்னேன்னு சொன்னேன். எத்தன தடவைன்னு கேட்டாரு. எட்டுன்னேன்."

"எட்டா? என்னடி கணக்கு அது?"

"பல்ல நாக்கால எண்ணிப் பார்த்தேங்க்கா. என்ன பொய்யின்னுதான் ஞாபகமே வரல. மறந்துபோன பொய்க்கு மன்னிப்பு உண்டா?"

எட்டு வாரம் கழித்தும் ஒரு பல்லும் வெளுக்கவில்லை. சாமி தன்னை மன்னிக்கவில்லை என்று சோற்றைத் தள்ளி வைத்தாள். புதுநன்மை அன்று காலையில் அவளுக்கு வெள்ளைக் கவுன் போட்டுவிடும்போதுதான் உடைந்தேன்.

"அந்த ராணி, ராஜ்ஜியம் எல்லாம் பொய்யிடி. நான் கட்டி விட்டது. வெல்லத்தத் தின்னதும் நான்தான். நீ ஒரு பொய்யும் சொல்லல."

அவள் என் முகத்தையே பார்த்தாள்.

"அப்ப உன் பல்லு ஏங்க்கா வெள்ளையா இருக்கு?"

அந்தப் பம்புத் தண்ணீரில் இருந்த ஃபுளோரைடுதான் பல்லைக் கெடுத்தது என்று அன்றைக்கு எனக்குத் தெரியாது. பம்பு வருவதற்கு முன்னாலேயே எனக்குப் பல் உருவாகிவிட்டது, அவ்வளவுதான். கலங்கல் தண்ணீர் என்னைக் காப்பாற்றியது, அப்பா ஆசைப்பட்டுக் கொண்டுவந்த சுத்தமான தண்ணீர் அவளைக் கெடுத்தது. இதெல்லாம் பின்னால் தெரிந்து என்ன பிரயோஜனம்? அன்று அதை விளக்கத் தெரியாததால் நான் சொன்ன உண்மையும் அவளுக்குப் பொய்யானது. அவளைத் தேற்றக் கட்டிய இன்னொரு கதை என்று நினைத்துக்கொண்டாள்.

மத்தியானம் தருமபுரியில் ஸ்டுடியோவுக்குப் போனோம். "சிரி பாப்பா" என்று போட்டோக்காரர் கெஞ்சினார். அவள் உதட்டைப் பிரிக்கவே இல்லை.

அந்தப் போட்டோ இன்னும் அம்மா வீட்டுச் சுவரில் இருக்கிறது. அதில் பல் தெரியச் சிரிப்பவள் நான்.