இரணியன் வேஷம் கட்டிய பின்லாந்துக்காரர்

எருமப்பட்டிப் பக்கத்துக் கூத்து செட் ஒன்றில் மூட்டை தூக்கிக்கொண்டிருந்தேன். ஏழாவதோடு படிப்பு நின்றபின் எங்கெங்கோ சுற்றிப் பார்த்த வேலைகளில் அதுவும் ஒன்று. அந்த மாசியில் பின்லாந்திலிருந்து ஒருவர் வந்து எங்களோடு தங்கினார். அங்கே நாடகத்திலும் டிவியிலும் நடிப்பவர். ஆனால் சோறு போட்டது அக்கார்டியன் என்கிற துருத்திப்பெட்டி வாத்தியம்தான் என்பார். ஊர் திரும்பியதும் அவர் வாழ்க்கையிலேயே பெரிய கச்சேரிப் பயணம் காத்திருந்தது. தினமும் காலையில் விரல் வலிக்க வாசித்துப் பழகுவார்.

எங்கள் கூத்து வாத்தியார் அவருக்கு இரணியன் வேஷம் கொடுத்தார்.

"நரசிம்மனுக்கு அருள் வந்துட்டா நடிப்பெல்லாம் கெடையாது சாமி. சூடம் ஏத்துனதும் ஓடிப் போயரோணும்."

"நடிகன் ஓடமாட்டான்," என்று அவர் கற்றுக்கொண்ட தமிழில் சொல்லிச் சிரித்தார்.

நரசிம்மர் வேஷக்காரர் விரதமிருந்து முகமூடி கட்டுபவர். அவர் இடுப்பில் வடக்கயிறு கட்டி நான்கு பேர் பின்னாலிருந்து இழுத்துப் பிடிக்கவேண்டும். விட்டால் எதிரே நிற்பவனைக் கிழித்துவிடுவார். பின்லாந்துக்காரர் இரணியன் கட்டிய அன்று பிடித்தவர்களில் நானும் ஒருவன்.

இரவு முழுக்கக் கூத்து நடந்து, நன்றாக விடிந்தபிறகு காகிதத் தூணைக் கிழித்துக்கொண்டு நரசிம்மர் பாய்ந்தார். கயிறு என் உள்ளங்கைத் தோலை உரித்தது. பெண்கள் சூடத்தட்டை நீட்டினார்கள். சாமி முன் சூடம் எரிந்தால் எங்கள் ஊர்க் கை தானாகச் சேரும். நான் கும்பிட்டேன். பக்கத்தில் கயிறு பிடித்தவனும் கும்பிட்டான்.

இரணியன் ஓடவில்லை. வலது கையை நீட்டித் தடுத்தார். நரசிம்மர் அந்தக் கையைப் பிடித்து முறுக்கி, விரல்களைக் கடித்தார். சுள்ளி ஒடிவதுபோல் சத்தம் கேட்டது. இரணியன் அலறியதை நடிப்பென்று நினைத்துக் கூட்டம் விசிலடித்தது. ஆறு பேர் மேலே விழுந்து பிரித்தோம். மண்ணில் ரத்தம் சொட்டிக் கிடந்தது.

நாமக்கல் ஆஸ்பத்திரியில் கட்டுப் பிரித்த அன்று, படுக்கை விரிப்பின்மேல் அக்கார்டியன் வாசிப்பதுபோல் விரலோட்டிப் பார்த்தார். மூன்று விரல்கள் அசைந்தன. இரண்டு கிடந்தன. இனி மடங்காது என்றார் டாக்டர்.

"கயிறு விட்டது யார்?" என்று பின்லாந்துக்காரர் கேட்டார்.

"அது சாமி செயலுங்க," என்றார் வாத்தியார்.

"நான்தானுங்க விட்டேன். சூடத்தக் கண்டதும் கும்புட்டுட்டேன்," என்றேன்.

இடது கையால் அறைந்தார். உதடு கிழிந்தது. மறுபடியும் அறைந்தார். நான் நகரவில்லை, அவர் கை ஓயும்வரை நின்றேன்.

"இத்தன நாள் நடிச்சவன் இன்னைக்குத்தான் நெசமா அடிச்சிருக்கறான்," என்று வாத்தியார் முணுமுணுத்தார். யாரும் சிரிக்கவில்லை.

பிறகு அவர் போனை எடுத்துப் பேசினார். அவர் மொழி எனக்குத் தெரியாது. கச்சேரிக்குப் போக இருந்த ஊர்களாக இருக்கும்; ஒவ்வொரு ஊர்ப்பெயராகச் சொல்லி, ஒவ்வொன்றுக்கும் பின்னால் ஒரே ஒரு சின்னச் சொல்லைச் சொன்னார். அது மட்டும் புரிந்தது.