கோலா கெத்தில்: சயாமிலிருந்து ஒருவர் திரும்பி வந்த லயம்

1983 டிசம்பர் விடுமுறையில் ரப்பர் தோட்டங்கள் சூழ்ந்த கோலா கெத்தில் போனேன். ஜப்பான்காரன் காலத்தில் சயாம் ரயில் பாதை போடக் கொண்டுபோகப்பட்ட தோட்டத்து ஆட்களைப் பற்றி ஓரளவு படித்திருந்தேன். லயத்தில், அந்தத் தோட்டத்து வரிசை வீடுகளில், தனித்து நின்ற அவர்களுடைய மனைவிமார் பற்றித்தான் எங்கும் அதிகம் கிடைக்கவில்லை. அவர்களை வைத்து ஒரு சிறு ஆவணப்படம் எடுக்க நினைத்தேன். கையில் இரவல் கேமரா, இரண்டு பிலிம் சுருள், ஒரு டேப் ரெக்கார்டர். ஒரு சுருள் மூன்று நிமிடத்துக்கு மேல் ஓடாது.

சுங்கை பட்டாணியில் காலை எட்டு மணி பஸ். இருபது கிலோமீட்டர் சொச்சம், கட்டணம் ஒரு வெள்ளி பத்துக் காசு. வழியெல்லாம் ரப்பர் மரங்கள்; ஜன்னலோரம் புளித்த ரப்பர் பால் வாடை வரும். அன்று மூக்கைப் பொத்திக்கொண்டேன். இப்போது அந்தச் சாலையில் போகும்போது அதைத்தான் தேடுகிறேன்.

டவுனிலிருந்து தோட்டத்துக்கு டாக்சி, மூன்று வெள்ளி. ஓட்டுநர் அண்ணன் கேமராவைப் பார்த்துவிட்டு, கதாநாயகன் கிடைக்காவிட்டால் தான் வருவதாகச் சொன்னார். நான் சயாம் என்றதும் அந்தத் தோட்டத்து அஞ்சலை பெரியம்மா கதையைச் சொன்னார். அவருடைய புருஷன் வீராசாமி சயாமில் செத்துவிட்டதாகச் சேதி வந்தது. போர் முடிந்ததும் அதே லயத்து முனியனைக் கட்டிக்கொண்டார். அடுத்த வருடம் வீராசாமி உயிரோடு வந்து நின்றார்.

"வந்த மனுசனப் பட்டினியா அனுப்பிச்சதுன்னு இன்னும் பேசுறாங்க," என்றார் அண்ணன். "அந்தப் பெரியம்மா வாயே தெறக்காது."

ஆனால் அவர்கள் வீட்டு வாசலில் இறங்கியதும் முனியன் பெரியப்பாவே என்னை உள்ளே கூப்பிட்டார். மனைவியிடம், "சொல்லிடு. நான் கோழிக்குத் தீனி போடப் போறேன்," என்று பின்பக்கம் போனார்.

பெரியம்மா விசேஷச் சேலை கட்டி வந்து விறைப்பாக உட்கார்ந்தார். முதல் சுருள், போர்க்காலத்தில் தின்ற மரவள்ளிக் கிழங்கிலும் உடுத்திய சாக்குத் துணியிலுமே தீர்ந்தது. இரண்டாவது பாதி ஓடியபோது அவராகவே ஆரம்பித்தார்.

"எலும்பா வந்தாரு. கொடியில காஞ்ச இவரு சட்டையப் பாத்தாரு. ஒண்ணும் கேக்கல. நான் சோறு போட்டேன். ராத்திரியே கடலோரம், தஞ்சோங் டாவாய் பக்கம் போயிட்டாரு."

"நீ எங்க போட்ட?" பின்வாசலிலிருந்து பெரியப்பாவின் குரல். "நீ கெணத்தடியில அழுதுக்கிட்டிருந்த. போட்டது நான்."

பெரியம்மா திரும்பினார். சுருள் தீர்ந்து கேமரா நின்றுவிட்டது, டேப் மட்டும் ஓடிக்கொண்டிருந்தது.

"சாப்பிட்டாரா?"

"ரெண்டாவது தரமும் கேட்டு வாங்கிச் சாப்பிட்டாரு."

"இத்தன வருசமா சொல்லலியே."

"நீ கேக்கலியே."

பெரியம்மா முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு அடுப்படிக்குப் போனார்.

போகிறவர்களுக்கு: ரப்பர் பால் எடை போட்டு முடியும் மதிய நேரமே நல்லது. டாக்சியைத் திரும்பி வரச் சொல்லிவையுங்கள்; அங்கே வேறு வண்டி கிடைக்காது. கதை கேட்கப் போனால் ஒருவர் முடித்ததும் டேப்பை அணைத்துவிடாதீர்கள். பின்வாசலில் நிற்பவருக்கும் கொஞ்சம் நேரம் விடுங்கள்.