நேஸ்பியில் என் குதிரைப்படை

நோர்வேயில், ஹொல்ம்லியாவில் எங்கள் அடுக்குமாடிக் கட்டடத்தின் நிலவறையில் ஒரு பொது அறை இருந்தது. பிறந்தநாள் விழாக்களும் குடியிருப்பாளர் கூட்டங்களும் அங்கேதான் நடக்கும். சனிக்கிழமைகளில் மட்டும் அது என் கணவருக்கும் அவருடன் பஸ் ஓட்டும் நோர்வேஜியர் ஒருவருக்கும் சொந்தம். மேசைகளை ஒட்டிப்போட்டு, பச்சைத் துணி விரித்து, ஈயச் சிப்பாய்களை நிறுத்தித் தாயக்கட்டை உருட்டுவார்கள். அவர்கள் அப்படி விளையாடியது நேஸ்பிச் சண்டை. பதினேழாம் நூற்றாண்டில் இங்கிலாந்து அரசனின் படையும் பாராளுமன்றப் படையும் மோதிய சண்டை அது. அதற்குப் பிறகு அந்த அரசன் தலையெடுக்கவே இல்லை.

குடிக்காமல், சூதாடாமல் மனுசன் வீட்டுக்குக் கீழேயே கிடக்கிறார் என்று நானும் பேசாமல் இருந்தேன். அவள் வரும்வரைதான்.

அவள் சென்னைக்காரி. பல்கலைக்கழகத்தில் ஆராய்ச்சி செய்ய வந்தவள். மேல்மாடியில் தனியாக இருந்தாள். ஒரு சனிக்கிழமை உடுப்புத் தோய்க்க நிலவறைக்கு வந்தவள், அவர் தாயக்கட்டையைத் தமிழில் ஏசும் குரல் கேட்டு அறைக்குள் எட்டிப் பார்த்திருக்கிறாள். தோய்த்த உடுப்பு மெஷினுக்குள் கிடக்க, பொழுது சாயும்வரை சண்டை பார்த்திருக்கிறாள். அடுத்த வாரம் அவளுக்கும் ஒரு படை கொடுத்துவிட்டார்கள்.

என்னை அவள் "அக்கா" என்பாள். அவரை "சார்" என்பாள். எனக்கு இது பிடிக்கவில்லை. அக்காவின் புருஷன் அத்தான் அல்லவா? அந்த வாசலைச் சாத்திவிட நினைத்து, "இவரை அண்ணா எண்டு கூப்பிடுங்கோ" என்று சொல்லிப் பார்த்தேன். "பரவாயில்லக்கா, சாருன்னே வருது" என்று சிரித்தாள். அவளுக்குச் சிரிப்பு வேறு அழகு.

எனக்கு உண்மையில் வயிறு எரிந்தது அவள் அழகுக்காக அல்ல. அவர் அவளோடு கதைத்தார். வீட்டில் அவருக்குத் தெரிந்தது "ஓம்", "இல்லை", "பசிக்குது". அது ஊரில் போர் நின்று சமாதானப் பேச்சு நடந்துகொண்டிருந்த காலம். தமிழர் வீடுகளில் எல்லாம் ஊர்ச் சண்டையைப் பற்றியே கதை. அவர் மட்டும் எழுந்து பல்கனிக்குப் போய்விடுவார். ஊரில் என்ன பார்த்தார், எதைவிட்டு ஓடிவந்தார், எதுவும் எனக்குத் தெரியாது. அப்படிப்பட்டவர் கீழே அவளுக்குப் படை, பீரங்கி, காடு, மேடு என்று மணிக்கணக்காக விளக்கினார். அந்த வாயிலிருந்து வருவது எனக்கு வரவேண்டிய கதை. அது எனக்கு வேண்டியிருந்தது.

"நானும் விளையாட வாறன்" என்றேன்.

ஆச்சரியப்பட்டார். ஆனால் சேர்த்துக்கொண்டார். அரசனின் வலதுபக்கக் குதிரைப்படை எனக்கு; நடுவில் நிற்கும் காலாட்படையும் இடதுபக்கக் குதிரைகளும் அவருக்கு. எனக்கு நேரெதிரே பாராளுமன்றத்தின் ஒரு பக்கக் குதிரைப்படையோடு அவள். எதிர்ப்பக்கத்தின் மற்றதெல்லாம் நோர்வேஜியரிடம்.

"இஞ்சை பாரும்," என்றார் அவர். "உண்மைச் சண்டையிலையும் உம்மடை குதிரைப்படைதான் வெண்டது. வெண்டிட்டு, ஓடுறவங்களைத் துரத்திக் கலைச்சுக்கொண்டு தூரத்துக்குப் போட்டுது. திரும்பி வரேக்கை இஞ்சை எல்லாம் முடிஞ்சுது. நீர் கலைச்சுக்கொண்டு போகாதையும், என்ன?"

அந்த மாதம் அவர் என்னோடு கதைத்ததில் அதுதான் ஆக நீளமான பேச்சு.

தாயக்கட்டை அன்று எனக்காகவே உருண்டது. அவளுடைய முதல் வரிசை சரிந்தது, பிறகு இரண்டாவது. மிச்சக் குதிரைகள் மேசை ஓரத்தை நோக்கி ஓடின. அவள் முகத்தில் சிரிப்பு இல்லை. எனக்கு அது தேனாக இனித்தது.

"நிப்பாட்டும்! திருப்பி இஞ்சாலை வாரும்!" என்று அவர் கத்தினார். நடுவில் அவருடைய காலாட்கள் நெருக்குப்பட்டுக்கொண்டிருந்தார்கள்.

எனக்குக் காது கேட்டது. ஆனாலும் கலைத்தேன். அவளுடைய கடைசிக் குதிரையும் மேசையைவிட்டுப் போகும்வரை கலைத்தேன்.

அந்த விளையாட்டின் விதிப்படி, கலைத்துக்கொண்டு வெளியே போன படையும் உடனே திரும்ப முடியாது. என் குதிரைகளும் மேசைக்கு வெளியே. நான் ஓரத்தில் கையைக் கட்டிக்கொண்டு நின்றேன். அவளுக்கும் படை இல்லாததால் வேலை இல்லாமல் போயிற்று. நேரே சுற்றி வந்து அவர் பக்கத்துக் கதிரையில் உட்கார்ந்தாள். நானே அவளைக் கலைத்து அங்கே கொண்டுபோய் இருத்தியிருந்தேன்.

நோர்வேஜியரின் மறுபக்கக் குதிரைப்படை எங்கள் இடதுபக்கக் குதிரைகளை வென்றுவிட்டு நின்றது. கலைக்கவில்லை. திரும்பி வந்து என் கணவரின் காலாட்களை வளைத்துக்கொண்டது. அவர் சரணடைந்த சிப்பாய்களைத் துணியில் ஒவ்வொன்றாகப் படுக்க வைத்தார்.

"சரணடைஞ்சவங்கள என்ன பண்ணுவாங்க சார்?" என்று அவள் கேட்டாள்.

"ஆயுதத்தை வாங்கிப்போட்டுக் கொண்டுபோவினம்," என்றார். கை ஒரு சிப்பாயின் மேலேயே நின்றது. "ஊரிலை எங்களையும் ஒருக்கா வரிசையிலை இருத்தினவங்கள். எங்களிட்டை ஆயுதம் இல்லை. எனக்குப் பக்கத்திலை இருந்தது என்ரை தம்பி. அவனைத்தான் எழுப்பிக் கொண்டுபோனவங்கள். ரோட்டுக்கு அங்காலை வெடிச் சத்தம் கேட்டது."

நோர்வேஜியருக்குத் தமிழ் விளங்காது. தாயக்கட்டையைக் கையில் வைத்துக்கொண்டு காத்திருந்தார்.

அந்தத் தம்பி காய்ச்சலில் போனவர் என்றுதான் கலியாணம் பேசும்போது எனக்குச் சொல்லியிருந்தார்கள். செத்துப்போன அந்தப் பெடியனுக்காக அழவேண்டிய நேரத்தில், இதையும் அவளுக்கா முதலில் சொல்ல வேண்டும் என்றுதான் எனக்கு நெஞ்சு எரிந்தது.

மேலே போகும்போது படியில் வைத்துக் கேட்டேன்.

"இவ்வளவு காலமும் எனக்கு ஏன் இதைச் சொல்லேல்லை?"

"அவ கேட்டவ," என்றார்.

நானும் அந்த வருடம் முழுக்கக் கேட்டுக்கொண்டுதான் இருந்தேன். கீழே யார் வந்தது, அவள் எங்கே இருந்தாள், ஏன் இவ்வளவு நேரம் என்று. அவரும் ஒவ்வொன்றுக்கும் ஒழுங்காகப் பதில் சொல்லியிருந்தார்.